"மிலிட்டரி பென்ஷன் வருகிறதே, உங்களுக்கு எதற்கு?"

கேள்வி: என் கணவர் மெட்ராஸ் ரெஜிமென்டில் ஹவில்தாராக இருந்தார். காஷ்மீரில் பணியில் இருந்தபோது அவர் சென்ற வண்டி மலைப்பாதையில் உருண்டு, முதுகுத் தண்டுவடம் அடிபட்டு, இடுப்புக்குக் கீழே உணர்வு போய்விட்டது. 2016-ல் மருத்துவ வாரியம் 100 விழுக்காடு என்று எழுதி வீட்டுக்கு அனுப்பியது. ஓய்வூதியம் வருகிறது. இப்போது பேரையூர் வட்டத்தில் சொந்த ஊரில் இருக்கிறோம். மாற்றுத்திறனாளி உதவி கேட்டு ஓர் அலுவலகத்துக்குப் போனபோது, "மிலிட்டரி பென்ஷன் வருகிறதே, உங்களுக்கு எதற்கு?" என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். பஸ்ஸில் இராணுவ மருத்துவத் தாளைக் காட்டினால் நடத்துநர் ஏற்கவில்லை. மகள் பன்னிரண்டாம் வகுப்பு படிக்கிறாள். மாநில அரசிலும் உள்ளூரிலும் எங்களுக்கு என்னென்ன உண்டு, எங்கே கேட்பது? அவரைத் தூக்கி உட்கார வைப்பது முதல் எல்லாம் நான்தான் என்பதால் அடிக்கடி வெளியே அலைய முடியாது.

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

தங்கள் கடிதத்தின் கடைசி வரியை மனத்தில் வைத்துக்கொண்டே இந்தப் பதிலை எழுதுகிறேன். அலைய முடியாதவர்களிடம் "அங்கே போங்கள், இங்கே போங்கள்" என்று சொல்வது ஆலோசனை ஆகாது. ஆகவே, எதை வீட்டிலிருந்தே அஞ்சலில் முடிக்கலாம், எதற்கு அவரையும் அழைத்துக்கொண்டு ஒரே ஒரு முறை மதுரைக்கு வர வேண்டும், எதை மகள் இ-சேவை மையத்தில் செய்துவிட்டு வரலாம் என்பதையும் சேர்த்தே சொல்கிறேன்.

முதலில், அந்த அலுவலகத்தில் கேட்ட சொல்லுக்குப் பதில். தங்கள் கணவருக்கு வரும் ஓய்வூதியம் அவர் செய்த பணிக்கும், அந்தப் பணியில் அவர் இழந்த உடல் நலத்துக்கும் நாடு தரும் ஈடு. மாற்றுத்திறனாளிகளுக்கு மாநில அரசு தருகிற உதவிகளோ 2016-ஆம் ஆண்டின் மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டத்தின் மேல் நிற்பவை. அந்தச் சட்டம் ஒருவருக்கு இயலாமை எப்படி வந்தது, இராணுவத்தில் வந்ததா, ரோட்டு விபத்தில் வந்ததா என்று பிரித்துப் பார்ப்பதில்லை. சில திட்டங்களில் வருமான வரம்பும், வேறு மாத உதவி பெறுவோருக்கான கட்டுப்பாடும் இருக்கும் என்பது உண்மை. ஆனால் அதை அந்தந்தத் திட்டத்தின் விதியைக் காட்டித்தான் சொல்ல வேண்டுமே ஒழிய, ஓய்வூதியம் வருகிறது என்ற ஒரே காரணத்துக்காக வாசலிலேயே நிறுத்தி அனுப்புவது முறையன்று. இனி எங்கே சென்றாலும் விண்ணப்பத்தை எழுத்தில் கொடுத்து, ஒப்புகை வாங்குங்கள். மறுத்தால் எந்த விதியின்படி மறுக்கிறார்கள் என்பதை எழுத்தில் தரும்படி கேளுங்கள். வாய்ச்சொல்லாக வந்த மறுப்பின் மேல் மேல்முறையீடு செய்ய எனக்கும் வழியில்லை, வேறு எந்த வழக்கறிஞருக்கும் வழியில்லை.

நடத்துநர் அந்தத் தாளை ஏற்காததற்குக் காரணம் வேறு. இராணுவ மருத்துவ வாரியம் எழுதிய 100 விழுக்காடு இராணுவத்தின் ஓய்வூதியக் கணக்குக்காக எழுதப்பட்டது. எந்தக் காயம் பணியால் வந்தது, அதற்கு எவ்வளவு ஈடு என்பதுதான் அதன் நோக்கம். மாநில அரசின் பேருந்து, மாற்றுத்திறனாளிகள் நலத் துறை, இரயில்வே ஆகிய எதுவும் அந்தத் தாளை அடையாளமாக எடுத்துக்கொள்வதில்லை. அவர்களுக்கு வேண்டியது சட்டப்படி அரசு மருத்துவர்கள் தரும் மாற்றுத்திறனாளிச் சான்றிதழும், அதோடு வரும் தனித்துவ அடையாள அட்டையும்தான். யுடிஐடி அட்டை என்றால் இ-சேவை மையத்தில் எல்லாருக்கும் தெரியும். தங்கள் கடிதத்தில் ஓய்வூதியத்தையும் மருத்துவ வாரியத் தாளையும் குறிப்பிட்டிருக்கிறீர்கள். இந்த ஒன்றை மட்டும் காணவில்லை. இருபது ஆண்டுகளுக்கு மேலாகப் படைவீரர் ஓய்வூதிய வழக்குகளைப் பார்த்துவருகிறேன். உறுப்பு இழந்தும் உணர்வு இழந்தும் திரும்பி வந்த வீரர்களில் பலர் இந்த இரண்டாவது சான்றிதழை எடுப்பதே இல்லை. "நாங்கள் மிலிட்டரிக்காரர்கள், எங்கள் ஆபீஸ் வேறு" என்ற எண்ணத்தில் ஒதுங்கிவிடுகிறார்கள். அந்த ஒதுக்கத்தால் வருடக்கணக்கில் இழப்பு ஏற்படுகிறது.

ஆகவே தங்களுக்கு வாசல்கள் மூன்று. இராணுவ ஓய்வூதியத்தின் வாசல் ஒன்று. முன்னாள் படைவீரர் நலத் துறையின் வாசல் மற்றொன்று. மாற்றுத்திறனாளிகள் நலத் துறையின் வாசல் மூன்றாவது. ஒன்றில் பெறுவது மற்றொன்றைத் தானாக மூடிவிடாது. ஆனால் ஒவ்வொன்றுக்கும் காட்ட வேண்டிய தாள் வேறு. தாங்கள் கேட்டது மாநில, உள்ளூர் உதவிகளைப் பற்றித்தான் என்றாலும், முதல் வாசலில் தங்களுக்கு வர வேண்டிய பெரிய தொகை ஒன்று நின்றுபோயிருக்குமோ என்ற ஐயம் எனக்கு இருக்கிறது. அதைச் சொல்லாமல் மற்றதற்குப் போக மனம் வரவில்லை.

அவருடைய ஓய்வூதிய ஆணையை, பி.பி.ஓ. என்று நாம் சொல்வதை, எடுத்துப் பாருங்கள். சர்வீஸ் எலிமெண்ட் (பணிக்கானது), டிசபிலிட்டி எலிமெண்ட் (இயலாமைக்கானது) என்று இரண்டு கூறுகள் இருக்கும். அவற்றுக்குக் கீழே நிரந்தர உதவியாளர் படி, அதாவது கான்ஸ்டன்ட் அட்டென்டன்ஸ் அலவன்ஸ், என்று ஒரு வரி இருக்கிறதா என்று தேடுங்கள். 100 விழுக்காடு இயலாமையோடு, அன்றாடச் செயல்கள் எல்லாவற்றுக்கும் இன்னொருவரையே நம்பி இருக்கும் ஓய்வூதியருக்கு மாதந்தோறும் தரப்படுவது அது. 2017 ஜூலை 1 முதல் அதன் அளவு மாதம் 6,750 ரூபாய். அகவிலைப்படி 50 விழுக்காடு ஏறும் ஒவ்வொரு முறையும் அது 25 விழுக்காடு கூட வேண்டும். 2024 ஜனவரியில் அகவிலைப்படி 50 விழுக்காட்டைத் தொட்டது. இந்தப் படி தானாக வருவதில்லை. நிரந்தர உதவியாளர் தேவை என்று மருத்துவ வாரியம் தன் தாளில் பரிந்துரைத்திருக்க வேண்டும். அந்தக் கேள்விக்கு எதிரே "ஆம்" என்று எழுதப்படாமல் விடுபட்டுப் போன தாள்களை நான் நேரில் பார்த்திருக்கிறேன். உசிலம்பட்டிப் பக்கத்தில் கழுத்துக்குக் கீழே செயலிழந்த ஒரு வீரருக்கு இப்படி ஒரு கட்டம் வெறுமையாக விடப்பட்டதால், பதினொரு ஆண்டுகள் அந்தப் படி வரவில்லை. அவருடைய தாயார் அத்தனை ஆண்டுகளும் அவரைத் தூக்கிக் குளிப்பாட்டிக்கொண்டிருந்தார்.

தங்கள் கணவருக்கும் அந்த வரி இல்லையென்றால், வெலிங்டனில் உள்ள மெட்ராஸ் ரெஜிமென்டின் ஆவணக் காப்பு அலுவலகத்துக்கு, ரெக்கார்ட்ஸ் ஆபீஸுக்கு, அவர் பெயரில் ஒரு விண்ணப்பத்தை விரைவு அஞ்சலில் (ஸ்பீட் போஸ்டில்) அனுப்ப வேண்டும். வாரியத் தாளின் நகலையும், இப்போதைய நிலையைப் பற்றி ஓர் அரசு மருத்துவர் எழுதிய சான்றையும் இணைத்து, உதவியாளர் படிக்குப் பரிந்துரைக்க மறு ஆய்வு மருத்துவ வாரியம் கூட்டும்படி கேட்க வேண்டும். உட்காருவது, புரண்டு படுப்பது, மலம் சிறுநீர் கழிப்பது, உடை மாற்றுவது ஆகிய ஒவ்வொன்றுக்கும் யார் உதவுகிறார்கள் என்பதைக் கூச்சப்படாமல் தனித்தனி வரியில் எழுதுங்கள். வாரியத்தில் இருக்கும் மருத்துவர்களுக்கு அந்த வரிகள்தான் பயன்படும். அவர் அரசுச் செலவில் மருத்துவமனையில் உள்நோயாளியாக இருக்கும் நாட்களுக்கு மட்டும் இந்தப் படி வராது.  

அதே தாளில் இன்னொன்றையும் பார்க்க வேண்டும். காயம் எந்தப் பிரிவில் எழுதப்பட்டிருக்கிறது என்பது அது. 2001 ஜனவரி 31-ஆம் நாள் பாதுகாப்பு அமைச்சகம் வெளியிட்ட ஆணை, படைவீரர் இறப்பையும் இயலாமையையும் ஏ முதல் இ வரை ஐந்து பிரிவாக வகுக்கிறது. பணியின்போது நடந்த விபத்து பெரும்பாலும் சி பிரிவில் வரும். போரிலும், அரசு தனியே அறிவித்த இராணுவ நடவடிக்கைகளிலும் ஏற்பட்டது இ பிரிவில் வரும். சி பிரிவில் 100 விழுக்காடு இயலாமைக்கு டிசபிலிட்டி எலிமெண்ட் கடைசி ஊதியத்தில் 30 விழுக்காடு. இ பிரிவில் பணியிலிருந்து மருத்துவக் காரணத்தால் அனுப்பப்பட்டவருக்கு வார் இஞ்சுரி எலிமெண்ட், அதாவது போர்க்காயத்துக்கான கூறு, என்று அந்த ஊதியத்தின் 100 விழுக்காட்டுக் கணக்கு. காஷ்மீரில் அவருடைய பிரிவு அப்போது அறிவிக்கப்பட்ட நடவடிக்கையில் இருந்ததா, அந்த வண்டி எந்த வேலையாகப் போனது, விபத்து பற்றி நடந்த விசாரணை மன்றம் என்ன எழுதியது என்பதையெல்லாம் பார்த்த பிறகுதான் இதில் வழி இருக்கிறதா என்று சொல்ல முடியும். இல்லாத நம்பிக்கையைத் தர நான் விரும்பவில்லை. விசாரணை அறிக்கையின் நகலைக் கேட்டு வாங்குங்கள் என்பதை மட்டும் உறுதியாகச் சொல்கிறேன்.

இந்த இரண்டிலும் காலம் தாழ்த்தக் கூடாது. ஓய்வூதியக் குறை மாதாமாதம் தொடர்கிற குறை என்பதால் எப்போது வேண்டுமானாலும் வழக்குத் தொடுக்கலாம். ஆனால் பின்பாக்கி பொதுவாக வழக்குத் தொடுத்த நாளுக்கு முந்தைய மூன்று ஆண்டுகளுக்கு மட்டுமே கிடைக்கும் என்று தர்சேம் சிங் வழக்கில் 2008-ல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்திருக்கிறது. நான் சொன்ன உசிலம்பட்டி வீரருக்கும் அதனால்தான் பதினொரு ஆண்டுகளில் எட்டு ஆண்டுத் தொகை போயிற்று. அலுவலகம் மறுத்துவிட்டால் ஆயுதப் படைகள் தீர்ப்பாயத்தின் சென்னை அமர்வுக்குப் போகலாம். கட்டணத்துக்குப் பயப்பட வேண்டாம்: மாற்றுத்திறனாளிகள் இலவசச் சட்ட உதவிக்கு உரியவர்கள் என்று 1987-ஆம் ஆண்டின் சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் 12-ஆம் பிரிவில் சொல்கிறது. மதுரை மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் இருக்கும் சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்கு ஒரு கடிதம் எழுதினாலே போதும்.

இனி மூன்றாவது வாசலுக்கு வருகிறேன். தாங்கள் கேட்டதில் பெரும்பகுதி அங்கேதான் இருக்கிறது. யுடிஐடி அட்டைக்கான விண்ணப்பத்தை மகள் இ-சேவை மையத்தில் பதிந்துவிடலாம். ஆதார், புகைப்படம், முகவரிச் சான்று போதும். அதன் பிறகு மருத்துவர் அவரை நேரில் பார்த்தாக வேண்டும். மதுரையில் அரசு இராஜாஜி மருத்துவமனை, அதாவது நம் பெரிய ஆஸ்பத்திரி, இதற்கான இடம். ஆனால் அங்கே வருவதற்கு முன், தங்கள் பக்கத்தில் மாற்றுத்திறனாளிகளுக்கான மருத்துவ முகாம் எப்போது நடக்கிறது என்று மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலகத்தில் தொலைபேசியில் கேளுங்கள். சக்கர நாற்காலியோடு மதுரைக்கு வந்து வெளிநோயாளிகள் கூட்டத்தில் நிற்பதைவிட, பக்கத்து ஊர் முகாமில் அரை நாளில் முடியலாம். இராணுவ வாரியத் தாளின் நகலையும் ஸ்கேன் அறிக்கைகளையும் எடுத்துச் செல்லுங்கள். அங்குள்ள மருத்துவர் இராணுவத்தின் 100 விழுக்காட்டை அப்படியே எழுதிவிட மாட்டார். அரசு வழிகாட்டுதலின்படி தாமே மதிப்பிடுவார். எண்ணிக்கை சற்று மாறி வந்தால் மனம் கலங்க வேண்டாம். இராணுவ ஓய்வூதியத்தை அது தொடாது. 40 விழுக்காடு அல்லது அதற்கு மேல் இருந்தால் சட்டப்படியான பெரும்பாலான சலுகைகளும், 75 அல்லது அதற்கு மேல் இருந்தால் கடும் பாதிப்புக்கான உதவிகளும் திறக்கும்.

அந்த அட்டை வந்ததும் கேட்க வேண்டியவற்றில் முதன்மையானது மாதாந்திரப் பராமரிப்பு உதவித்தொகை. கடுமையாகப் பாதிக்கப்பட்ட மாற்றுத்திறனாளிகளுக்குத் தமிழ்நாடு அரசு மாதம் 2,000 ரூபாய் தருகிறது. விண்ணப்பத்தில் இராணுவ ஓய்வூதியம் பெறுவதை மறைக்காமல் தொகையோடு எழுதுங்கள். மறைத்துப் பெற்று, பிறகு திரும்பக் கட்டச் சொல்லும் நிலையில் ஒரு வீரரின் குடும்பம் தலைகுனிந்து நிற்கக் கூடாது. தகுதி உண்டா இல்லையா என்பதை மாவட்ட மாற்றுத்திறனாளிகள் நல அலுவலர் எழுத்தில் சொல்லட்டும். "எதற்கு உங்களுக்கு" என்று கேட்ட அதே பதில் மறுபடி வந்தால், திங்கட்கிழமை மக்கள் குறைதீர்க்கும் நாளில் மாவட்ட ஆட்சியரிடம் மனுவாகக் கொடுங்கள். தாங்கள் வர வேண்டியதில்லை, மகளோ உறவினரோ தரலாம். அதற்கும் மேலே சென்னையில் மாற்றுத்திறனாளிகளுக்கான மாநில ஆணையர் இருக்கிறார். அவருக்கு அஞ்சலிலேயே முறையிடலாம்.

அதே அலுவலகத்தில் உபகரணங்களுக்கும் விண்ணப்பம் கொடுங்கள். பேட்டரியில் இயங்கும் சக்கர நாற்காலியும், இணைப்புச் சக்கரம் பொருத்திய பெட்ரோல் ஸ்கூட்டரும் மாநில அரசால் விலையின்றி வழங்கப்படுகின்றன. தண்டுவடம் பாதிக்கப்பட்டவருக்கு எது ஏற்றது என்பதை இடுப்பு உறுதியையும் கை வலுவையும் பார்த்து மருத்துவரோடு பேசி முடிவு செய்யுங்கள். ஸ்கூட்டர் வேண்டும் என்று ஆசைப்பட்டு வாங்கி, இடுப்பில் பிடிமானம் இல்லாததால் ஓட்ட முடியாமல் திண்ணையோரம் நிற்கும் வண்டிகள் நம் ஊர்களில் உண்டு. என் கருத்தில், நல்ல மெத்தை இருக்கையுள்ள பேட்டரி நாற்காலி தங்கள் இருவருக்கும் பெரிய விடுதலை. தெருமுனைக் கடைக்கும், ஊர்ச் சாவடிக்கும், கோவில் வாசலுக்கும் அவர் தாமே போய்வர முடிந்தால், அந்த ஒரு மணி நேரம் தங்களுக்கும் ஓய்வு.

பேருந்தைப் பொறுத்தவரை, சாதாரணக் கட்டண நகரப் பேருந்துகளில் மாற்றுத்திறனாளியும் அவருடன் வரும் உதவியாளர் ஒருவரும் 2021 முதல் கட்டணமின்றிச் செல்லலாம். வெளியூர்ப் பேருந்துகளில் நான்கில் ஒரு பங்குக் கட்டணம். காட்ட வேண்டியது யுடிஐடி அட்டையை. இரயிலுக்கு அந்த அட்டை மட்டும் போதாது. துணையின்றிப் பயணம் செய்ய இயலாதவர் என்று இரயில்வே படிவத்தில் அரசு மருத்துவர் கையெழுத்திட்டுத் தர வேண்டும். சான்றிதழுக்காக மருத்துவமனை செல்லும் அதே நாளில் இந்தப் படிவத்தையும் எடுத்துச் சென்றால் இரண்டாவது அலைச்சல் மிச்சம். அதை வைத்து மதுரை இரயில்வே கோட்டத்தில் சலுகை அடையாள அட்டை பெற்றால், ஸ்லீப்பரிலும் மூன்றடுக்குக் குளிர்சாதனப் பெட்டியிலும் அவருக்கும் துணைக்குச் செல்லும் தங்களுக்கும் 75 விழுக்காடு கட்டணக் குறைப்பு உண்டு. மறு ஆய்வு வாரியத்துக்காக வெளியூர் இராணுவ மருத்துவமனைக்குச் செல்ல வேண்டி வந்தால் இது உடனே பயன்படும்.

கார் வாங்கும் எண்ணம் இருந்தால், அவருடைய பயன்பாட்டுக்கென வடிவமைத்த வண்டிக்குச் சாலை வரி விலக்கு உண்டு. வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் பதிவின்போதே கேட்க வேண்டும். பேரையூரிலிருந்து மதுரை வரும்போது கப்பலூர் சுங்கச்சாவடியில் முன்னாள் படைவீரர் அட்டையைக் காட்டி வாக்குவாதம் செய்வோர் பலர். அந்த அட்டைக்கு விலக்கு இல்லை. மாற்றுத்திறனாளிக்கென வடிவமைத்துப் பதிவு செய்த வண்டிக்குத்தான் தேசிய நெடுஞ்சாலைக் கட்டண விதிகள் விலக்குத் தருகின்றன.

இரண்டாவது வாசல், மதுரை மாவட்ட முன்னாள் படைவீரர் நல அலுவலகம். அதன் தலைவர் உதவி இயக்குநர். கொடிநாள் என்று டிசம்பர் 7-ல் பள்ளிப் பிள்ளைகள் நம் சட்டையில் கொடி குத்திச் சேர்க்கிற பணம் உட்பட, படைவீரருக்கான நிதிகள் இந்த அலுவலகத்தின் வழியாகத்தான் குடும்பங்களுக்கு வருகின்றன. செயலிழப்பு, முழுப் பார்வையின்மை போன்ற நிலையில் உள்ள முன்னாள் வீரர்களுக்குத் தொகுப்பு நிதியிலிருந்து உதவி உண்டு. குடியிருக்கும் வீட்டுக்கு ஊராட்சியில் கட்டும் வரியை மீளப் பெறும் சலுகையையும் அங்கேதான் கேட்க வேண்டும். வரி கட்டிய ரசீதுகளைத் தூக்கி எறியாமல் வைத்திருங்கள். ஊராட்சிச் செயலரிடம் தள்ளுபடி கேட்டு மனவருத்தம் கொள்ள வேண்டாம். அது அவர் கையில் இல்லை. ஆட்சியர் தலைமையில் முன்னாள் படைவீரருக்கென்று தனிக் குறைதீர்க்கும் கூட்டமும் அவ்வப்போது நடக்கும். எந்த நாளில் என்பதை அந்த அலுவலகமே அறிவிக்கும்.

மகளைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் அவளுக்கான வாய்ப்புகளுக்குத் தேதி உண்டு. பொறியியல் கலந்தாய்வில் முன்னாள் படைவீரர் பிள்ளைகளுக்கென 150 இடங்கள் ஒதுக்கப்பட்டுள்ளன. விண்ணப்பிக்கும்போதே அந்தப் பிரிவைக் குறித்து, உதவி இயக்குநரிடமிருந்து சார்ந்தோர் சான்று, அதாவது படைவீரரின் பிள்ளை என்பதற்கான சான்று, வாங்கி இணைக்க வேண்டும். பணியில் இயலாமை அடைந்தவரின் பிள்ளை என்பது முன்னுரிமை வரிசையில் சாதாரண ஓய்வு பெற்றவரின் பிள்ளைக்கு முன்னே நிற்கும். ஆகவே சான்றில் "முன்னாள் படைவீரர்" என்று மட்டும் எழுதி வாங்கிவிடாமல், பணியால் ஏற்பட்ட இயலாமையால் அனுப்பப்பட்டவர் என்று தெளிவாக எழுதச் சொல்லுங்கள். பிறகு பிரதமரின் கல்வி உதவித்தொகை. பன்னிரண்டாம் வகுப்பில் 60 விழுக்காடு மதிப்பெண்ணோடு தொழிற்கல்விப் பட்டத்தில் சேரும் மாணவிக்கு மாதம் 3,000 ரூபாய் கிடைக்கும். இதற்குக் கல்லூரியின் முதலாம் ஆண்டில் மட்டுமே விண்ணப்பிக்கலாம். இரண்டாம் ஆண்டில் நினைவு வந்து என்னிடம் கேட்டவர்களுக்கு என்னால் எதுவும் செய்ய முடிந்ததில்லை. தொழிற்கல்வி அல்லாமல் கலை, அறிவியல் பட்டம் படித்தால், ஹவில்தார் நிலை வரையிலான வீரர்களின் பிள்ளைகளுக்கு முன்னாள் படைவீரர் நலனுக்கான மத்திய அரசு அமைப்பாகிய கேந்திரிய சைனிக் வாரியம் தரும் கல்வி மானியம் உண்டு. 2025 நவம்பர் முதல் அது மாதம் 2,000 ரூபாயாக உயர்த்தப்பட்டுள்ளது. அவள் ஆறாம் வகுப்பிலிருந்து அரசுப் பள்ளியில் படித்தவள் என்றால் புதுமைப்பெண் திட்டத்தில் மாதம் 1,000 ரூபாயும் தனியே வரும்; வேறு உதவித்தொகை பெறுவது அதற்குத் தடையில்லை. நாளை அவள் திருமணத்தின்போது அதே வாரியத்தின் திருமண மானியத்தை, திருமணம் முடிந்த 180 நாட்களுக்குள் கேட்க வேண்டும் என்பதையும் டைரியில் குறித்து வையுங்கள்.

மருத்துவத்துக்கு மதுரையில் உள்ள இ.சி.எச்.எஸ். (முன்னாள் படைவீரர் மருத்துவத் திட்டம்) பாலிகிளினிக்கில் குடும்பம் முழுவதும் பதிவாகியிருக்கிறதா என்று பாருங்கள். தண்டுவடம் பாதிக்கப்பட்டவருக்குப் பெரிய ஆபத்து படுக்கைப் புண்ணும் சிறுநீர்த் தொற்றும்தான். கால் மாற்றிப் போடுவதையும், இரவில் இரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை புரட்டிப் படுக்க வைப்பதையும் தாங்களே செய்துகொண்டிருப்பீர்கள் என்று ஊகிக்கிறேன். காற்றுப் படுக்கை, வடிகுழாய், நாற்காலி ஆகியவற்றுக்குச் சொந்தப் பணத்தைப் போடுமுன் பாலிகிளினிக் மருத்துவரின் பரிந்துரையைப் பெறுங்கள். பரிந்துரை இல்லாமல் வாங்கியதற்குப் பின்னால் பணம் கேட்பது கடினம்.

வருமான வரி பற்றி ஒரு சொல். பணியால் ஏற்பட்ட இயலாமைக்காக அனுப்பப்பட்டவருடைய ஓய்வூதியத்துக்கு, அதன் இரு கூறுகளுக்கும், வரி விலக்கு உண்டு. ஸ்பர்ஷ் எனப்படும் இராணுவ ஓய்வூதிய இணையக் கணக்கில் வரி பிடித்திருந்தால் கணக்குத் தாக்கல் செய்து திரும்பப் பெறலாம். நவம்பரில் தர வேண்டிய உயிர்வாழ்ச் சான்றுக்காக அவரைத் தூக்கிக்கொண்டு எங்கும் போக வேண்டாம்; தபால்காரர் சிறு கட்டணத்தில் வீட்டுக்கே வந்து விரல் ரேகை வைத்துப் பதிந்துவிடுவார்.

தங்களுக்கென்றே ஒன்று சொல்லி முடிக்கிறேன். ஓய்வூதிய ஆணையில் மனைவி என்ற இடத்தில் தங்கள் பெயரும் பிறந்த தேதியும் ஆதாரில் உள்ளபடியே இருக்கின்றனவா என்று இன்றே பாருங்கள். ஓர் எழுத்து மாறியிருந்தாலும், அவர் இருக்கும்போதே, அவர் கையெழுத்தோடு திருத்துவது எளிது. வெலிங்டனுக்கு அனுப்பப்போகும் கடிதத்திலேயே அந்தத் திருத்தத்தையும் சேர்த்துக் கேட்கலாம். அந்தக் கடிதத்தை எழுதி முடித்ததும், அனுப்புமுன் ஒரு நகலை எனக்கு அனுப்புங்கள். படித்துத் திருத்தித் தருகிறேன், அதற்குக் கட்டணம் எதுவும் வேண்டாம். பேரையூர் தபால் நிலையத்தில் விரைவு அஞ்சலில் சேர்த்தபின், அந்த ரசீதை ஓய்வூதிய ஆணையோடு சேர்த்து ஊசி குத்தி வைத்துவிடுங்கள்.